உறையாத சர்பத்

அத்தியாயம் ஒன்பது

கடைக்குப் பின்னால் இருக்கும் கொக்கோக் கிட்டங்கியில், மூட்டை இடுக்கில் சாக்குத் துணி சுற்றி ஒளித்து வைத்திருந்த அந்தச் சீமைப் போத்தலைக் கமலாட்சி கண்டுபிடித்து இன்றோடு ஐந்து நாள். ஐந்து நாளும் அவள் வாயைத் திறக்கவில்லை. வாயைத் திறக்காத கமலாட்சி எவ்வளவு ஆபத்தானவள் என்பது மாத்தளைக் கடைத்தெருவில் அவள் புருஷன் இராசமாணிக்கத்தைத் தவிர எல்லோருக்கும் தெரியும்.

கண்ட அன்று அவள் ஒன்றே ஒன்று செய்தாள். கண்மைச் சிமிழை எடுத்து வந்து, போத்தலுக்குள் சரக்கு நின்ற மட்டத்தில் ஒரு சின்னப் பொட்டு வைத்தாள். சாக்கைப் பழையபடி சுற்றினாள். போய் ரசம் தாளித்தாள்.

மூன்று வருஷத்துக்கு முன்னால் இராசமாணிக்கம் மாரியம்மன் சந்நிதியில் கற்பூரத்தை அணைத்துச் சத்தியம் செய்தவர். ஒரே மகள் நெருப்புக் காய்ச்சலில் நினைவு தப்பிக் கிடந்த நேரம் அது. "இனி ஒரு சொட்டு என் வாயில படாது தாயே, புள்ளைய மட்டும் குடுத்துரு" என்று ஊரே பார்க்கக் கதறினார். பிள்ளை பிழைத்தது. இப்போது கண்டியில் சித்தி வீட்டிலிருந்து படிக்கிறது.

கமலாட்சியை உறங்கவிடாதது புருஷனின் குடி அல்ல. குடிகாரனோடு குடித்தனம் செய்து பழகியவள்தான் அவள். கொடுத்த பிள்ளையை அம்மன் திரும்பக் கேட்டுவிடுவாளோ என்றுதான் அவளுக்குப் பயம். கண்டியிலிருந்து கடிதம் ஒரு நாள் பிந்தினாலும் அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

இன்று விடிந்ததே சரியில்லை.

குசினிக்குப் பின்னால் சாம்பல் கொட்டப் போனவள் அங்கேயே நின்றுவிட்டாள். குப்பை மேட்டில் எலுமிச்சை வாசத்தோடு பிழிந்த தேசிக்காய்த் தோல் குவிந்து கிடந்தது. குனிந்து எண்ணினாள். பதினெட்டு மூடி. வீட்டில் மூன்று நாளாகத் தேசிக்காயே வெட்டவில்லை.

"அழகாயி! இங்க வா. இது யாரு வேலை?"

அழகாயி இராசமாணிக்கத்தின் தங்கை. இரத்தோட்டையில் கட்டிக் கொடுத்திருந்தார்கள். சொந்த ஊரை ஒரு தடவை பார்த்துவிட்டு வருகிறேன் என்று இந்தியாவுக்குக் கப்பலேறிய அவள் புருஷன் எட்டு வருஷமாகத் திரும்பவில்லை. அதற்குப் பிறகு அண்ணன் வீடே அவள் வீடாயிற்று. ஒரு காலத்தில் நன்றாகப் பாடுவாள் என்று சொல்வார்கள். இந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை.

"அண்ணன்தான் அண்ணி. விடியக்காலம் எந்திரிச்சுப் பிழிஞ்சிச்சு. வயிறு சரியில்லையாம்."

"வயிறு சரியில்லாத மனுசன் ஒம்போது தேசிக்காயா குடிப்பாரு?"

தண்ணீர் வேண்டுமென்றால்கூட உட்கார்ந்த இடத்திலிருந்தே குரல் கொடுக்கும் மனிதர். அவர் விடியற்காலையில் எழுந்து தானே தேசிக்காய் பிழிந்தார் என்றால், எலி ஏன் அம்மணமாய் ஓடுகிறது என்று கேட்கத்தானே தோன்றும்.

ஏழரை மணிக்கு இராசமாணிக்கம் வெள்ளைக் கோட்டு மாட்டிக்கொண்டு வந்தார்.

"என்னங்க, வயிறு எப்படி இருக்கு?" என்றாள் கமலாட்சி.

"எந்த வயிறு?"

"உங்களுக்கு எத்தன வயிறு இருக்கு?"

"ஓ, அதுவா! இப்பப் பரவாயில்ல." அவர் கண்ணாடியில் தலைமயிரைச் சரி செய்தார். ஏற்கெனவே சரியாக இருந்த தலைமயிர். "இந்தா கமலா, மறந்துறாத. இன்னிக்குப் பொழுது சாய அமெரிக்காத் துரை வர்றாரு. பலாபத்வலப் பக்கம் கொக்கோத் தோட்டமெல்லாம் பார்த்துட்டு நேரா நம்ம வீட்டுக்குத்தான். இடியப்பம், கோழிக்கறி, முட்டை. எல்லாம் ஏழு மணிக்கு ரெடியா இருக்கணும்."

"குடிக்க என்ன வெக்க?"

ஒரு நொடி. ஒரே ஒரு நொடிதான் தாமதம். ஆனால் கமலாட்சி அதைப் பிடித்துக்கொண்டாள்.

"குடிக்கவா? தண்ணிதான். இளநி வெட்டிக்கலாம்" என்று சொல்லிக்கொண்டே அவர் செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டு கடைக்குள் போய்விட்டார்.

கொழும்புத் தரகர்கள் நடுவில் இல்லாமல் மாத்தளைக் கொக்கோவை நேரே வாங்கிக் கப்பலேற்ற வந்திருக்கும் அந்தத் துரையைப் பற்றிப் போன மாதமே பேச்சு வந்தாயிற்று. கண்டியில் அவரைச் சந்தித்துவிட்டு வந்த நாளிலிருந்து இராசமாணிக்கத்துக்குக் கால் தரையில் பாவவில்லை. அந்தச் சந்திப்பில் என்ன பேசினார் என்று மட்டும் வீட்டில் சொல்லவில்லை.

எட்டு மணி இரத்தோட்டை பஸ்ஸில் ஐயாவு வந்து இறங்கினார். ஐயாவு முப்பது வருஷம் தோட்டத்து பங்களாவில் அப்புவாக இருந்து சமைத்தவர். அந்தத் தோட்டத் துரை சீமைக்கே திரும்பிப் போனபோது பங்களாச் சாமான்களை ஏலம் போட்டார்கள். அதில் இராசமாணிக்கம் எடுத்ததுதான் இந்தத் தெருவிலேயே ஒன்றே ஒன்றாக நிற்கும், மண்ணெண்ணெயில் ஓடும் ஐஸ் பெட்டி. அதன் திரி மக்கர் செய்யும்போதெல்லாம் ஐயாவுதான் வந்து சரி செய்வார்.

"திரி நல்லாத்தானே எரியுது ஐயாவு?" என்றாள் கமலாட்சி.

"சும்மா பார்த்துட்டுப் போலாம்னு வந்தேன்மா" என்றார் அவர். கக்கத்தில் ஒரு துணிப்பை. அவள் பார்வை அதன்மேல் பட்டதும் பை இந்தக் கக்கத்திலிருந்து அந்தக் கக்கத்துக்கு மாறியது. உள்ளே கண்ணாடி ஒன்றோடொன்று இடித்துக்கொண்டது.

அவர் கடைப்பக்கம் போய் ஒரு மணி நேரம் கழித்துக் கமலாட்சி கொல்லைவழியாகக் கிட்டங்கிக்குள் நுழைந்தாள். மூட்டையை நகர்த்தினாள். சாக்கை அவிழ்த்தாள்.

கண்மைப் பொட்டு வைத்த இடத்திலேயே இருந்தது. சரக்கு அதற்கு நாலு விரல் கீழே இறங்கி நின்றது.

போத்தலைத் திரும்பச் சாக்கில் சுற்றினாள். மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டாள். கண்டியில் இந்த நேரம் பிள்ளை பள்ளிக்கூடத்தில் இருக்கும். "தாயே, அவரு செஞ்சதுக்கு அவர்கிட்டயே கணக்குத் தீர்த்துக்க. புள்ளப் பக்கம் போயிராத" என்று முணுமுணுத்தாள். சொல்லி முடித்ததும் புருஷனை நினைத்து அதற்கும் ஒரு அழுகை வந்தது.

நோன்பு மாதம் இந்த வருஷம் பங்குனி வெயிலில் வந்திருந்தது. பகல் ஒரு மணிக்குப் பக்கத்து வீட்டுக் கைறுன்னிஸா செம்பரத்தை வேலி இடைவெளியில் புகுந்து, கையில் மூடி போட்ட தூக்குச்சட்டியோடு வந்தாள். ரோஜாச் சர்பத். அதில் கசகசா ஊறிக்கொண்டிருந்தது. ஐஸ் பெட்டி இந்த வீட்டுக்கு வந்த வருஷத்திலிருந்து இது வழக்கம். நோன்பு திறக்கும் சர்பத் இந்த வீட்டில் குளிர்ந்து, பொழுது சாய அந்த வீட்டுக்குப் போகும். அந்தத் தூக்கின் மூடியை இந்த வீட்டில் யாரும் திறக்க மாட்டார்கள். யாரும் சொல்லி வைத்த சட்டமில்லை. பசியோடு இருப்பவர்களின் பாத்திரத்தில் கை வைக்கக் கூடாது என்று கமலாட்சி நினைத்தாள், வீடும் அப்படியே நடந்தது.

"இன்னிக்கு நல்லாக் குளிரணும் கமலா" என்றாள் கைறுன்னிஸா. முகத்தில் நோன்புக் களைப்பையும் மீறி ஒரு பரபரப்பு. "அக்குறணையிலருந்து நம்ம மக ஸரீனாவப் பொண்ணு பாக்க வாறாங்க. மாப்பிள்ள வீட்டு ஆளுங்க நம்மகூடத்தான் நோம்பு தொறக்கிறாங்க."

"நல்லபடியா முடியும் ராத்தா. கவலப்படாதீங்க."

"அல்லா வெச்சபடி." கைறுன்னிஸா திரும்பிப் போகப் போனவள் சிரித்தாள். "ஒண்ணு சொல்லட்டா? உங்க ஐஸ் பெட்டிக்கும் தாகம் போல. நாலஞ்சு நாளா வீட்டுக்கு வரக்குள்ள ஒரு கோப்பை குறையுது."

விளையாட்டாகத்தான் சொன்னாள். கமலாட்சிக்கு அது விளையாட்டாகப் படவில்லை. குடிக்கிறவனுக்குச் சாராயத்தோடு சேர்த்து ஊற்றிக்கொள்ள ஏதாவது வேண்டுமே. சர்பத்தையும் இந்த மனுசன் விட்டுவைக்கவில்லையா?

ஐஸ் பெட்டியின் மேல் அறையைத் திறந்தாள். அங்கே ஏற்கெனவே ஒரு தூக்கு இருந்தது. கைறுன்னிஸா வீட்டுத் தூக்குதான். அதே ஈயம், அதே வளைந்த காது.

"அழகாயி, ராத்தா காலையிலயே ஒண்ணு குடுத்துட்டாங்களா?"

"தெரியல அண்ணி. இன்னிக்கு அவங்க வீட்ல ஆளு ஜாஸ்திதானே. ரெண்டு தூக்கா அனுப்பிருப்பாங்க."

இருக்கும். கமலாட்சி இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து மூடினாள். அப்போதுதான் குசினிச் சுவர்த் தட்டைப் பார்த்தாள். நேற்று ராத்திரி கைறுன்னிஸா நோன்புக் கஞ்சி அனுப்பிய தூக்கு அங்கே இல்லை. வெறும் பாத்திரத்தைத் திருப்பிக் கொடுக்கக் கூடாது என்று, நாலு வாழைப்பழமாவது வாங்கிப் போட்டுக் கொடுக்கக் கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தாள்.

"தட்டுல இருந்த தூக்கை வெறுமனயா குடுத்த?"

"நான் எங்க குடுத்தேன்?"

அவள் இன்னும் ஏதோ கேட்டிருப்பாள். ஆனால் அந்த நேரம் பார்த்துக் கிட்டங்கிப் பக்கமிருந்து டங், டங் என்று சுத்தியல் சத்தம் வந்தது. எட்டிப் பார்த்தாள். ஐயாவு சாக்கில் ஐஸ் கட்டியைச் சுற்றி வைத்து நொறுக்கிக்கொண்டிருந்தார். பக்கத்தில் இராசமாணிக்கம் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, கோயில் பிரசாதத்தைப் பார்ப்பதுபோல் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். தூக்கை அவள் மறந்தே போனாள்.

சந்தேகம் ஒரு பக்கம் பார்க்க ஆரம்பித்துவிட்டால் மறுபக்கம் யானை போனாலும் கண்ணில் படாது. படித்துக்கொண்டிருக்கும் உங்களுக்குப் படுகிறது, அவளுக்குப் படவில்லை. அவள் இடத்தில் இருந்திருந்தால் உங்களுக்கும் பட்டிருக்காது.

அதன் பிறகு இடியப்பம், கோழிக்கறி என்று பொழுது ஓடிப்போயிற்று. ஐந்தரை மணிக்கு அடுப்படியிலிருந்தபடியே, "அழகாயி, ரெண்டு தூக்கையும் எடுத்து ராத்தாகிட்ட குடுத்துரு. பாங்கு சொல்ற நேரத்துக்கு முன்னாடி போயிறணும்" என்றாள். அழகாயி இரண்டு கையிலும் தூக்கோடு வேலியைத் தாண்டிப் போவதை ஜன்னல் வழியாகப் பார்த்தாள். போகும்போது செம்பரத்தைச் செடியில் இடித்துக்கொண்டு அழகாயி தனக்குத் தானே சிரித்தது மாதிரி இருந்தது. வெயில் மண்டையில் ஏறியிருக்கும் என்று நினைத்துக்கொண்டாள்.

ஆறேகால் மணிக்கு இராசமாணிக்கம் குசினி வாசலில் வந்து நின்றார். முகம் வெளுத்திருந்தது. பின்னால் ஐயாவு, கையில் நாலு கண்ணாடிக் கோப்பைகளோடு.

"கமலா, ஐஸ் பெட்டியில இருந்த தூக்கு எங்க?"

"எந்தத் தூக்கு?"

அவர் ஐஸ் பெட்டிப் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

"கைறுன்னிஸா ராத்தா தூக்கா? அது அவங்க வீட்டுக்குப் போயிருச்சே. அத ஏன் நீங்க கேக்குறீங்க?"

"ரெண்டுமா?"

அந்த 'ரெண்டுமா'வில் கமலாட்சிக்கு எல்லாம் வெளிச்சமாயிற்று. கையிலிருந்த அகப்பை கீழே விழுந்தது.

"ஐயாவு! அதுல என்ன இருந்துச்சு? இப்பவே சொல்லுங்க."

பங்களா அப்புவுக்குத் துரைமாரின் கோபம் பழக்கம். இந்தக் கோபம் பழக்கமில்லை. மளமளவென்று கொட்டிவிட்டார்.

"அமெரிக்காச் சரக்கும்மா. போர்பன்னு சொல்லுவாங்க. சோளத்துல காய்ச்சுற விஸ்கி. அதுல ரெண்டு பங்கு, எங்க துரை எனக்கு விட்டுட்டுப் போன செரி பிராந்தி ஒரு பங்கு, கடுஞ்சாயத்தண்ணி, தேசிக்காய்ச் சாறு, சீனிப்பாணி. கலக்கிக் காலையிலயே இந்தப் பெட்டியில வெச்சேன். சாராயம் கல்லா உறையாதும்மா, குழைஞ்சு நிக்கும். அதுல நொறுக்கின ஐஸப் போட்டு..."

"நிறுத்துங்க!"

"ஐயா ஒரு சொட்டு வாயில வெக்கலம்மா. ருசி பார்த்ததெல்லாம் நாந்தான்."

"கண்டியில அமெரிக்காத் துரைகிட்ட வாய் விட்டுட்டேன்" என்றார் இராசமாணிக்கம் தரையைப் பார்த்தபடி. "எங்க வீட்ல ஐஸ் இருக்கு, உங்க ஊரு மாதிரியே போட்டுத் தர்றேன்னு. அதுக்காகத்தான் அவரு போத்தல் குடுத்தனுப்பினாரு. உன்கிட்ட சொன்னா வீட்டுக்குள்ள விடுவியா?"

"அதுக்கு அவங்க தூக்கா கெடச்சிச்சு?"

பதில் அவளுக்கே தெரிந்திருந்தது. இந்த வீட்டில் எந்தப் பாத்திரத்தை வைத்தாலும் கமலாட்சி திறந்து பார்ப்பாள். திறக்காத பாத்திரம் அது ஒன்றுதான்.

கமலாட்சி ஓடினாள். நாற்பது வயதுக்கு மேல் அவள் ஓடிய ஓட்டம் அது ஒன்றுதான். செம்பரத்தைக் கிளை கன்னத்தில் கீறியது. வேலிக்கு அந்தப் பக்கம் முன்கூடத்தில் ஆண்கள் குரல் கேட்டது. கைறுன்னிஸாவின் புருஷன் சாலிஹ் நானா விருந்தாளிகளை உட்காரச் சொல்லிக்கொண்டிருந்தார். கஞ்சி வாசமும் சமோசா வாசமும் வந்தன. பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேலாகத் தண்ணீர்கூடக் குடிக்காத மனிதர்கள். முதல் மிடறு. அந்த முதல் மிடறில் தன் வீட்டுச் சாராயம். பெண் பார்க்க வந்தவர்களுக்கு முன்னால். அவள் முன்கூடத்தைச் சுற்றிக்கொண்டு பின்பக்கம் ஓடினாள்.

குசினியில் கைறுன்னிஸா தனியாக நின்றாள். தட்டில் வரிசையாகக் கோப்பைகள். சில சிவப்பாக நிறைந்திருந்தன. மேசையின் ஓரத்தில், தட்டிலிருந்து தள்ளி, மூடிய தூக்கு ஒன்று.

"ராத்தா!" கமலாட்சிக்கு மூச்சு வாங்கியது. வேலியைத் தாண்டும்போது யோசித்து வைத்த பொய் வெளியே வந்தது. "அந்தத் தூக்கக் குடுங்க. பல்லி விழுந்திருச்சு. கொட்டிர்றேன்."

"பல்லியா?"

"ஆமா ராத்தா. இப்பத்தான் தெரிஞ்சுது."

"மூடி போட்ட தூக்குல, ஐஸ் பெட்டிக்குள்ள, பல்லி." கைறுன்னிஸாவின் குரல் ஏறவில்லை. "நான் நோம்போட நிக்கிறேன் கமலா. என்கிட்டப் பொய் சொல்லாதீங்க. கேக்க ஏலாது."

கமலாட்சி தலையைக் குனிந்துகொண்டாள்.

"எங்க சர்பத் ஓரமெல்லாம் கட்டியா உறைஞ்சிருக்கு. பக்கத்துல இருந்த இது மட்டும் கூழ் மாதிரி நிக்குது. என்னடா இதுன்னு கரண்டிய விட்டேன். வாசம் வந்துச்சு. மூடிட்டேன்."

"யாரும் குடிக்க..."

"யாருக்கும் ஊத்தல்ல. ஸரீனா தட்டோட நிண்டா. இது வேணாம், கெட்டுப் போச்சுன்னு அனுப்பிட்டேன். அவ வாப்பாவுக்கும் சொல்லல்ல."

நிம்மதியில் கமலாட்சி சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். போத்தல், கண்மைப் பொட்டு, அமெரிக்காத் துரை, ஐயாவு. ஒன்றையும் விடவில்லை. கைறுன்னிஸா தூக்கைத் தலைக்கு மேல் தூக்கி அடியைக் காட்டினாள். அவள் பெயர் வெட்டியிருந்தது.

"எங்க கலியாணத்துக்கு எங்க உம்மா குடுத்தது. ஊர்ல எத்தன பாத்திரம் இருக்கு. உங்க வீட்டுக்காரருக்கு ஏன் இது?"

"எங்க வீட்ல இத யாரும் தொறக்க மாட்டோம்னு அவருக்குத் தெரியும் ராத்தா."

கைறுன்னிஸா தூக்கை மெல்ல மேசையில் இறக்கினாள். அவள் முகத்தில் கோபம் வந்திருந்தால் கமலாட்சி தாங்கியிருப்பாள். வந்தது வேறு. நம்பிக் கொடுத்த பொருளைக் கேவலப்படுத்தித் திருப்பிக் கொடுத்தால் வரும் வேதனை அது. அதைப் பார்க்க முடியாமல் கமலாட்சி முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள்.

பள்ளிவாசலில் பாங்கு கேட்டது.

கைறுன்னிஸா அப்படியே நின்றபடி ஒரு பேரீச்சம்பழத்தை வாயில் வைத்தாள். தண்ணீர் இரண்டு மிடறு குடித்தாள். கோப்பைத் தட்டை உள்ளே கொடுத்துவிட்டுத் திரும்பி வந்தாள்.

"கழுவினாப் பாத்திரம் சுத்தமாயிரும் கமலா. அதுல எனக்கு ஒண்ணுமில்ல. ஆனா நாளைக்கு நான் உங்க பெட்டிக்குத் தூக்கு கொண்டு வருவனா இல்லையான்னு இப்ப என்னால சொல்ல முடியல்ல." தூக்கை நீட்டினாள். பிறகு ஒன்று ஞாபகம் வந்தவள்போல, "இன்னொண்ணு. இதுலயும் குறையுது. ரெண்டு கோப்பை குறையும். நான் எடுக்கல்ல" என்றாள்.

கமலாட்சி வேலியைத் தாண்டி வரும்போது இருட்டத் தொடங்கியிருந்தது. குசினியில் இரண்டு ஆண்களும் அவள் விட்டுப்போன இடத்திலேயே நின்றார்கள்.

"யாரும் குடிக்கல" என்று மட்டும் சொன்னாள். இராசமாணிக்கம் மேசையில் சாய்ந்து மூச்சு விட்டார். அந்த மூச்சு முடிவதற்குள் அவள் தூக்கின் மூடியைத் திறந்து ஐயாவுக்கு முன்னால் வைத்தாள்.

"எவ்வளவு ஊத்தினீங்க?"

"தலை தட்ட ஊத்தினேன்மா. மூடும்போது வழிஞ்சிச்சே." எட்டிப் பார்த்தவர் விழித்தார். "அய்யோ, ரெண்டு கோப்பை எங்க?"

"அவங்க வீட்ல யாராவது..." என்று ஆரம்பித்தார் இராசமாணிக்கம்.

"அவங்க வீட்டப் பத்தி ஒரு வார்த்த பேசுனீங்க, துரைக்கு முன்னாடி இந்தத் தூக்க உங்க தலையிலதான் கொட்டுவேன். இங்க வாங்க. ஊதுங்க."

"என்ன?"

"வாயத் தொறந்து ஊதுங்க!"

தங்கை வீட்டில் இருக்க, ஐயாவு பக்கத்தில் நிற்க, மாத்தளையின் பெரிய கொக்கோ வியாபாரி வாயைத் திறந்து பெண்டாட்டியின் மூக்கில் ஊதினார். சாராய இன்ஸ்பெக்டர்கூட அவ்வளவு கிட்டத்தில் வந்து மோந்து பார்த்திருக்க மாட்டார். ஒரு தரத்துக்கு மூன்று தரம் பார்த்தாள். காப்பி வாசம்தான் வந்தது. வெறும் காப்பி.

"நான் சத்தியத்த மீறல கமலா" என்றார் அவர். குரல் உடைந்தது. "அந்தப் புள்ளைக்காக அணைச்ச கற்பூரம். எனக்குத் தெரியாதா?"

அவள் அவரை நம்பினாள். ஐந்து நாளாக நெஞ்சில் கிடந்த பாரம் இறங்கியதில் அவளுக்குக் கண் நிறைந்தது. புருஷனைப் போய் இப்படிச் சந்தேகப்பட்டோமே என்று வெட்கமாகவும் இருந்தது. அவர் கோட்டில் ஒட்டியிருந்த சீனிப்பாணியைத் துடைத்துவிட்டாள்.

அப்படியானால் குடித்தது யார்?

உள்ளறையிலிருந்து பாட்டுச் சத்தம் வந்தது.

மூவரும் திரும்பினார்கள். கொழுந்து கிள்ளும் பெண்கள் மலையில் பாடுகிற பாட்டு. குரல் கொஞ்சம் தடுமாறியது. ஆனால் இனிமையான குரல். எட்டு வருஷமாக இந்த வீட்டில் யாரும் கேட்காத குரல். இராசமாணிக்கத்தின் வாய் திறந்தபடியே நின்றது.

கமலாட்சி கதவைத் தள்ளினாள். அழகாயி தரையில் கால் நீட்டி, அலுமாரியில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். பூ ஒன்று காதோரம் தொங்கியது. பக்கத்தில் ஒரு கோப்பை.

"அண்ணி!" என்று சிரித்தாள். "இன்னிக்கு ராத்தா சர்பத்துல என்னத்தப் போட்டாங்க? தேவாமிர்தம் அண்ணி!"

"நீயா? ராத்தா தூக்க நீயா தொறந்த?"

"தெனம் ஒரே ஒரு கோப்பை அண்ணி. வெயில் தாங்கல. யாரு பாக்கப் போறாங்கன்னு..." சிரித்துக்கொண்டிருந்தவளுக்குத் திடீரென்று அழுகை வந்தது. "தப்புத்தான். நோம்பாளி பாத்திரம். தப்புத்தான் அண்ணி. இன்னிக்கு ரெண்டு குடிச்சேன். அப்புறம் எனக்கு அவரு முகம்கூட நினைவு வந்துச்சு. மறந்தே போச்சுன்னு நெனச்சேன்."

கமலாட்சிக்கு அடிக்கவும் தோன்றவில்லை, திட்டவும் வாய் வரவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து அவள் தலையை மடியில் சாய்த்துக்கொண்டாள். வாசலில் நின்ற புருஷனைப் பார்த்து, "உங்க ஒரு பொய்யால எத்தன பேரு தலை குனிஞ்சாங்க பாருங்க" என்றாள்.

"அண்ணன வையாதீங்க அண்ணி" என்றாள் அழகாயி கண்ணை மூடியபடி. "அண்ணன் பாவம். அமெரிக்காக்காரன் குடுத்தனுப்பின பெட்டிய அண்ணன் பிரிச்சப்ப நான்தான் வெளக்குப் பிடிச்சேன். ஒரே மாதிரி போத்தல் ரெண்டு. ஒண்ணு கிட்டங்கிக்குப் போச்சு. இன்னொண்ண வேட்டியில சுத்தி எடுத்துக்கிட்டு, யார்கிட்டயும் சொல்லாத தங்கச்சின்னு சொல்லிட்டுப் போனாரு. நான் சொல்லல அண்ணி. யார்கிட்டயும் சொல்லல."

தெருவில் கார் ஹாரன் அடித்தது. அமெரிக்காத் துரை வந்துவிட்டார். ஐயாவு கோப்பைகளை எடுத்துக்கொண்டு ஓடினார்.

இராசமாணிக்கம் நகரவில்லை. வாசல் பக்கமும் பார்க்கவில்லை, கமலாட்சி பக்கமும் பார்க்கவில்லை. சற்று முன் அவள் துடைத்துவிட்ட கோட்டுப் பொத்தானைத் திருகிக்கொண்டிருந்தார்.

ஹாரன் மறுபடியும் அடித்தது.

"துரை கொஞ்ச நேரம் கார்லயே இருக்கட்டும்" என்றாள் கமலாட்சி. "அந்த இன்னொரு போத்தல் எங்கங்க?"